தவறான சரவிளக்கு: ஜான் சல்லிவனின் எழுத்து வாழ்க்கை, ஒரு நிகழ்வு ஆய்வு

1982 டிசம்பர் 2 அன்று பிபிசி 1 சேனலில் ஒளிபரப்பான 'ஒன்லி ஃபூல்ஸ் அண்ட் ஹார்சஸ்' என்ற நகைச்சுவைத் தொடரில் ஓர் அத்தியாயத்தின் கடைசிக் காட்சி இது. ஒரு பிரபுவின் பழைய மாளிகை. கூடத்தின் கூரையிலிருந்து பெரிய கண்ணாடிச் சரவிளக்குகள் தொங்குகின்றன. அவற்றைச் சுத்தம் செய்வதில் தேர்ந்தவர்கள் என்று சொல்லி வேலையைப் பிடித்த அண்ணனும் தம்பியும் ஆளுக்கொரு ஏணியில் ஏறி, ஒரு விளக்குக்குக் கீழே துணியை விரித்துப் பிடித்துக்கொண்டு நிற்கிறார்கள். மேல்மாடியில் தாத்தா திருகாணியைக் கழற்றுகிறார். இருவரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு காத்திருக்கிறார்கள். விளக்கு விழுகிறது. ஆனால் விழுந்தது அவர்கள் துணி பிடித்திருந்த விளக்கு இல்லை, அவர்களுக்குப் பின்னால் தொங்கிய இன்னொன்று. தரையில் அது தூள் தூளாகச் சிதற, இருவரும் துணியை விடாமல் அப்படியே நிற்கிறார்கள்.

பிரிட்டிஷ் தொலைக்காட்சியில் அதிகம் நினைவுகூரப்படும் நகைச்சுவைக் காட்சிகளில் இதுவும் ஒன்று. எழுதிய ஜான் சல்லிவன் இதைக் கற்பனையில் பிடிக்கவில்லை. அவருடைய அப்பா குழாய் வேலை செய்பவர். இளம் வயதில் ஒரு மாளிகையில் வேலை செய்த குழுவில் அவர் இருந்தபோது அங்கே உண்மையாகவே நடந்த விபத்து இது. அப்பா இதைச் சொன்னபோது மகனுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. அப்பாவுக்குக் கோபம் வந்துவிட்டது. அந்த ஒரு விளக்கால் பல பேருக்கு வேலை போனது, இதில் சிரிக்க என்ன இருக்கிறது என்பதுதான் அவர் கோபம்.

மகனின் சிரிப்பும் அப்பாவின் கோபமும் ஒரே சம்பவத்துக்குள் இருந்தன என்பதை சல்லிவன் கடைசிவரை விடவில்லை. பரீட்சை எதுவும் தேறாமல் 15 வயதில் பள்ளியை விட்ட ஒருவர், குழு எதுவும் இல்லாமல் தனியாக எழுதி, பிரிட்டனில் மிக அதிகமானவர்கள் பார்த்த சிட்காமை, அதாவது அதே பாத்திரங்கள் வாராவாரம் வரும் நகைச்சுவைத் தொடரை, எப்படித் தந்தார்? அதிர்ஷ்டம், நடிகர்கள், பிபிசியின் பொறுமை என்று பல விடைகள் உண்டு. எல்லாவற்றையும் பார்ப்போம். ஆனால் அந்த அப்பாவின் கோபத்தை விட்டுவிட்டு இந்த வாழ்க்கையைப் புரிந்துகொள்ள முடியாது என்பது என் முடிவு.

பாலஹம் பையன்

சல்லிவன் பிறந்தது 1946 டிசம்பர் 23 அன்று, தெற்கு லண்டனில் உள்ள பாலஹமில். அப்பா குழாய் வேலைக்காரர், அம்மா அவ்வப்போது வீடுகளில் துப்புரவு வேலைக்குப் போனவர். அந்தக் காலத்தில் இங்கிலாந்தில் 11 வயதில் ஒரு தேர்வு உண்டு. அதில் தேறியவர்கள் கிராமர் பள்ளிக்குப் போவார்கள். தேறாதவர்கள் செகண்டரி மாடர்ன் என்ற சாதாரணப் பள்ளிக்கு. சல்லிவன் இரண்டாம் வகை. அதாவது 11 வயதிலேயே, இந்தப் பையன் எழுதுகிற வேலைக்கு ஆகமாட்டான் என்று அரசாங்கம் தீர்மானித்துவிட்டது.

அந்தப் பள்ளியில் ஓர் ஆங்கில ஆசிரியர் இருந்தார். அவர் டிக்கன்ஸ் நாவல்களைப் பாடமாக நடத்தவில்லை. ஒவ்வொரு பாத்திரத்துக்கும் ஒரு குரல் கொடுத்து, நடித்து, வாய்விட்டுப் படித்துக் காட்டினார். தெற்கு லண்டன் பையனுக்கு அந்தக் குரல்கள் எல்லாம் தன் தெருவிலேயே கேட்ட குரல்களாக இருந்திருக்க வேண்டும். கடனில் முழுகினாலும் நாளைக்கு ஏதாவது நல்லது நடக்கும் என்று நம்புகிற மிக்காபர், திருட்டுப் பையன்கள், பகட்டுக்காரர்கள், கண்ணீரும் கேலியும் ஒரே பக்கத்தில். பின்னாளில் சல்லிவனிடம் நாம் காணும் எல்லாவற்றுக்கும் விதை அங்கே இருக்கிறது.

பள்ளியை விட்டதும் ராய்ட்டர்ஸ் செய்தி நிறுவனத்தில் கடிதம், கோப்பு சுமக்கிற பையன் வேலை. அப்புறம் ஒரு விளம்பர நிறுவனம், பழைய கார் வியாபாரம், மதுபான ஆலை, குழாய் வேலை என்று வரிசையாக மாறிக்கொண்டே இருந்தார். 1960களின் நடுவில் ஒருநாள், சிட்காம் எழுத்தாளர் ஜானி ஸ்பெய்ட் ஒரு ஸ்கிரிப்டுக்கு 1,000 பவுண்டு வாங்குகிறார் என்ற செய்தியைப் பத்திரிகையில் பார்த்தார். ஸ்பெய்ட்டும் தொழிலாளர் குடும்பத்துக்காரர்தான். சல்லிவனும் ஒரு நண்பரும் சேர்ந்து எழுத உட்கார்ந்தார்கள். ஆண்கள் பொதுக் கழிப்பறை ஒன்றைப் பராமரிக்கும் பழைய ராணுவ வீரரைப் பற்றிய ஸ்கிரிப்ட் அது. பிபிசி திருப்பி அனுப்பிவிட்டது. நண்பர் பிறகு விலகிக்கொண்டார். சல்லிவன் விடவில்லை. சுமார் பத்து வருஷம் எழுதுவதும் அனுப்புவதும் திரும்பி வருவதுமாகவே போனது.

செட் சாமான் தூக்கியவர்

தபாலில் போன ஸ்கிரிப்டுகள் எல்லாம் திரும்பி வந்தபோது சல்லிவன் எடுத்த முடிவுதான் அவருடைய வாழ்க்கையின் முதல் திருப்பம். எழுத்தாளனாக உள்ளே விடவில்லையா, சரி, கூலியாளாகப் போவோம் என்று 1974இல் பிபிசியில் சேர்ந்தார். ஸ்டுடியோவில் செட் மாற்றுவது, மேஜை நாற்காலி நகர்த்துவது, காட்சிக்கு வேண்டிய சாமான்களை வைப்பது, எடுப்பது. இதுதான் வேலை.

இதை எடுபிடி வேலை என்று கடந்துபோக முடியாது. சிட்காம் எப்படி உருவாகிறது என்பதை ஒவ்வொரு வாரமும் அவர் பக்கத்தில் நின்று பார்த்தார். அன்றைய பிபிசி நடைமுறை கறாரானது. வெளிப்புறக் காட்சிகளை முன்கூட்டியே ஃபிலிமில் எடுத்துவிடுவார்கள். பிறகு வாரம் முழுக்க ஒத்திகை. வாரக் கடைசியில் ஒரு மாலை, டெலிவிஷன் சென்டர் ஸ்டுடியோவில் சில நூறு பேரை உட்காரவைத்து அவர்கள் முன்னால் நாடகம் மாதிரி நடித்துப் பதிவு செய்வார்கள். காகிதத்தில் நன்றாக இருந்த வரி பார்வையாளர் முன்னால் செத்துப்போவதையும், யாரும் எதிர்பார்க்காத இடத்தில் அரங்கமே குலுங்குவதையும் சாமான் தூக்குகிறவர் நேரில் பார்க்கிறார். எந்த எழுத்துப் பயிற்சி வகுப்பும் இதைத் தந்திருக்காது.

அங்கேதான் ரானி பார்க்கரிடம் பேச்சுக் கொடுத்தார். பார்க்கர் அப்போது சிறைச்சாலையை வைத்து வந்த 'போரிட்ஜ்' தொடரில் நடித்துக்கொண்டிருந்தார். சல்லிவன் எழுதிய சிறு காட்சிகளைப் படித்துப் பார்த்து, 'தி டூ ரானீஸ்' நிகழ்ச்சிக்கு மேலும் எழுதச் சொன்னார். பார்க்கரும் ரகசியமாகப் புனைபெயரில் ஸ்கிரிப்ட் அனுப்பி எழுத்தாளராகத் தன்னை நிரூபித்தவர். பெயரைப் பார்க்காமல் தாளைப் பார்ப்பது எவ்வளவு முக்கியம் என்று அவருக்குத் தெரிந்திருந்தது.

இன்னொருவர் தயாரிப்பாளர் டென்னிஸ் மெயின் வில்சன். ஸ்பெய்ட்டின் புகழ்பெற்ற தொடரைத் தயாரித்தவர் இவர்தான். பிபிசி மதுக்கூடத்தில் சல்லிவன் அவரிடம் நேராகப் போய்த் தன்னை அறிமுகம் செய்துகொண்டு, நாம் இருவரும் சீக்கிரம் சேர்ந்து வேலை செய்யப் போகிறோம், அதனால் பழகிக்கொள்ளலாம் என்று வந்தேன் என்கிற பொருளில் பேசினார். சாமான் தூக்குகிற ஒருவர் அந்த இடத்தில் அப்படிப் பேசுவதற்கு என்ன தைரியம் வேண்டும் என்று நினைத்துப் பாருங்கள். வில்சன் எரிச்சல் படவில்லை, யோசனையைச் சொல் என்றார். சல்லிவன் விடுப்பு எடுத்து எழுதி முடித்தார்.

அதுதான் 'சிட்டிசன் ஸ்மித்'. தெற்கு லண்டனின் டூட்டிங்கில் நாலைந்து பேரை வைத்துக்கொண்டு புரட்சி இயக்கம் நடத்தும் வுல்ஃபி என்ற இளைஞனின் கதை. 1968 வாக்கில் ஒரு பப்பில் புரட்சி பேசிக்கொண்டிருந்த ஒருவரைப் பார்த்ததிலிருந்து பிறந்த பாத்திரம் அது. ராபர்ட் லிண்ட்சே நடித்தார். 1977 ஏப்ரலில் ஒற்றை அத்தியாயமாக வந்து, பிறகு 1980வரை ஓடியது. இதில் கண்ணீருக்கு இடமில்லை. வுல்ஃபியைப் பார்த்துச் சிரிக்கிறோம், அவ்வளவுதான். சல்லிவன் இன்னும் தன் முழுக் குரலுக்கு வரவில்லை என்றே நினைக்கிறேன்.

தெருமுனையில் ஒரு சூட்கேஸ்

அடுத்து அவர் கால்பந்து மேலாளர் ஒருவரைப் பற்றி எழுதினார். சோதனை அத்தியாயமும் தயாரானது. ஆனால் விளையாட்டை வைத்து வேறொரு தொடர் ஏற்கெனவே வருகிறது என்று மேலிடம் நிறுத்திவிட்டது. கையில் ஒப்பந்தம், எழுத எதுவும் இல்லை என்ற நிலைமை. அந்தச் சமயத்தில் தயாரிப்பாளர் ரே பட்டும் சல்லிவனும் பப்பில் உட்கார்ந்து பேசியபோது பேச்சு லண்டன் சந்தைகள் பக்கம் திரும்பியது. ரே பட்டுக்கும் சந்தைக் கடைப் பழக்கம் உண்டு. இருவருக்கும் பிடித்த ஆள் ஒரே மாதிரி ஆள்: லைசென்ஸ் இல்லாமல் தெருமுனையில் சூட்கேஸை விரித்துக் கூவி விற்று, போலீஸ் தலை தெரிந்ததும் மூடிக்கொண்டு ஓடுகிறவர்.

அந்தப் பேச்சிலிருந்து பிறந்த கதை இது: தெற்கு லண்டனின் பெக்கம் வட்டாரத்தில், நெல்சன் மண்டேலாவின் பெயர் வைத்த அடுக்குமாடிக் குடியிருப்பின் ஒரு வீடு. அதில் தாத்தா, அண்ணன் டெல், தம்பி ராட்னி. அம்மா இறந்துவிட்டாள், அப்பா விட்டுவிட்டுப் போய்விட்டார். பதின்வயதிலேயே குடும்பத் தலைவனாகிவிட்ட டெல்தான் தம்பியை வளர்த்தான். வண்டி என்று சொல்ல மூன்று சக்கர மஞ்சள் வேன். அடுத்த வருஷம் இந்நேரம் நாம் கோடீஸ்வரர்கள் என்பது டெல்லின் தினசரிப் பேச்சு. டிக்கன்ஸின் மிக்காபர் பெக்கமில் மறுபடி பிறந்திருக்கிறார் என்று சொல்லத் தோன்றுகிறது.

முட்டாள்களும் குதிரைகளும்தான் உழைத்துச் சாப்பிடும் என்று ஒரு பழைய பேச்சு உண்டு. அதிலிருந்து 'ஒன்லி ஃபூல்ஸ் அண்ட் ஹார்சஸ்' என்று பெயர் வைத்தார். பிபிசியில் பலருக்கு அது விளங்கவில்லை. மாற்றச் சொன்னார்கள், சல்லிவன் மறுத்தார். பார்வையாளருக்குப் புரிய வேண்டும் என்று பெயரை விளக்குகிற மாதிரி ஒரு பாட்டை அவரே எழுதினார். இரண்டாவது சீசனிலிருந்து வரும் அந்தத் தலைப்புப் பாட்டைப் பாடியிருப்பதும் அவர் குரல்தான்.

1981 செப்டம்பர் 8 அன்று முதல் அத்தியாயம். டெல்லாக டேவிட் ஜேசன், ராட்னியாக நிக்கோலஸ் லிண்ட்ஹர்ஸ்ட், தாத்தாவாக லெனார்ட் பியர்ஸ். வரவேற்பு சுமார்தான், முதல் சீசனை 70 லட்சத்தை ஒட்டிய பேர் பார்த்தார்கள். மூன்றே சேனல்கள் இருந்த நாட்டில் அது பெரிய எண்ணிக்கை இல்லை. இரண்டாவது சீசனும் பெரிதாக ஏறவில்லை. சரவிளக்கு விழுந்ததே அந்த இரண்டாவது சீசனில்தான் என்பதைக் கவனிக்க வேண்டும். நாடு இன்று கொண்டாடுகிற காட்சி வந்துவிட்ட பிறகும் தொடர் நின்றுபோகும் நிலையில்தான் இருந்தது.

அதைக் காப்பாற்றியது மறுஒளிபரப்பு. 1983 கோடையில் பழைய அத்தியாயங்களைத் திரும்பப் போட்டபோது ஆட்கள் கூடினார்கள். பிபிசியின் நகைச்சுவைப் பிரிவுத் தலைவர் ஜான் ஹாவர்டு டேவிஸ் மூன்றாவது சீசனுக்கு ஒப்புதல் தந்தார். இவர் சிறுவனாக இருந்தபோது, 1948இல் வந்த 'ஆலிவர் ட்விஸ்ட்' படத்தில் ஆலிவராக நடித்தவர்! டிக்கன்ஸைக் கேட்டு வளர்ந்த எழுத்தாளருக்கு ஆலிவரே வந்து கதவைத் திறந்துவிட்டார் என்று நினைக்கும்போது எனக்கு மனம் நிறைகிறது.

பிபிசியின் பொறுமையை இங்கே ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். டிவி பார்க்கும் வீடுகள் கட்டும் உரிமக் கட்டணத்தில் நடக்கும் நிறுவனம் அது. விளம்பரக்காரருக்குப் பதில் சொல்ல வேண்டியதில்லை. ஒரு தொடர் வேர்பிடிக்க இரண்டு மூன்று வருஷம் காத்திருக்க முடிந்தது. அந்த அவகாசம் இல்லாவிட்டால் 1982 டிசம்பரிலேயே இந்தக் கதை முடிந்திருக்கும்.

புதைந்துபோன தொப்பி

1984 டிசம்பர். நான்காவது சீசனின் படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்தது. லெனார்ட் பியர்ஸ் மாரடைப்பால் இறந்துபோனார்.

மேலே ஒளிபரப்புத் தேதி நெருங்குகிறது, கீழே அழுதுகொண்டிருக்கும் ஒரு குழு. இந்த நிலையில் ஒரு சிட்காம் எழுத்தாளருக்கு என்ன வழிகள் உண்டு? அதே சாயலில் இன்னொரு நடிகரைத் தாத்தாவாக்கலாம். தாத்தா ஊருக்குப் போயிருக்கிறார் என்று ஒரே வரியில் முடிக்கலாம். சல்லிவன் இரண்டையும் ஒதுக்கினார். தாத்தா இறந்துவிட்டார், வீட்டில் சாவு விழுந்திருக்கிறது, அதைக் காட்டுவோம் என்றார். 1985 பிப்ரவரி 28 அன்று ஒளிபரப்பான அத்தியாயம் சவ அடக்கத்தில் தொடங்குகிறது. உடன் நடித்தவரை உண்மையாகவே இழந்து சில வாரமே ஆன நடிகர்கள், கல்லறையில் நின்று அந்தக் காட்சியை நடித்தார்கள்.

தாத்தா எப்போதும் தலையில் வைத்திருந்த பழைய தொப்பியை அண்ணனும் தம்பியும் குழிக்குள் போடுகிறார்கள். இனி அழுகைதான் என்று நாம் நினைக்கும் நேரத்தில், மண் தள்ளிய பிறகு, பாதிரியார் தன் தொப்பியைக் காணோம் என்று தேடுகிறார். அவர்கள் புதைத்தது அவருடைய தொப்பி.

இந்த இடத்தை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். இதன் அமைப்பு சரவிளக்குக் காட்சியின் அமைப்பேதான். கவனமாக, மரியாதையாக ஒன்றைச் செய்கிறார்கள். தவறான பொருள் கீழே போகிறது. ஆனால் முன்பு இளம் மகனாக விழுந்து சிரித்த எழுத்தாளர், இம்முறை அப்பாவின் பக்கத்தையும் முழுதாக எழுதுகிறார். அடக்கம் முடிந்து டெல் எல்லோருக்கும் மது ஊற்றி ஜோக் அடிக்கிறான். ராட்னிக்கு அது பொறுக்கவில்லை, உனக்குத் துக்கமே இல்லையா என்று கேட்கிறான். அப்போது டெல் உடைகிறான். துக்கப்பட்டு உட்காரத் தனக்கு எப்போதும் இடம் இருந்ததில்லை, யாராவது ஒருவர் சிரித்துக்கொண்டே இருந்தாக வேண்டியிருந்தது என்பதுதான் அவன் பேச்சின் சாரம். அதுவரை நாம் பார்த்துச் சிரித்த டெல்லின் பகட்டு, வாய்ச்சவடால் எல்லாவற்றுக்கும் அந்த ஒரு நிமிடத்தில் காரணம் கிடைத்துவிடுகிறது.

அதே அத்தியாயத்தில் தாத்தாவின் தம்பி ஆல்பர்ட் வந்து சேர்கிறார். வெள்ளைத் தாடி, பழைய கடற்படைக்காரர், சதா போர்க்காலக் கதை. நடித்த பஸ்டர் மெரிஃபீல்டு வங்கி மேலாளராக வேலை பார்த்து, ஓய்வுக்குப் பிறகே முழுநேர நடிகரானவர். ஒருவரை இழந்த குடும்பம் இன்னொருவரைச் சேர்த்துக்கொள்ள முதலில் தயங்கி, பிறகு ஏற்றுக்கொள்வதைக் கதையாகவே சல்லிவன் எழுதிவிட்டார். பார்வையாளர்களும் ராட்னியோடு சேர்ந்து தயங்கி, ஏற்றுக்கொண்டார்கள்.

இதே ஆண்டுகளில் அவர் கையில் இன்னும் இரண்டு தொடர்கள் இருந்தன. 'ஜஸ்ட் குட் ஃப்ரெண்ட்ஸ்', 1983 முதல் 1986வரை: கல்யாண நாளன்று மாப்பிள்ளை வராமல் போக, கைவிடப்பட்ட பெண் ஐந்து வருஷம் கழித்து அவனையே மறுபடி சந்திக்கிறாள். 'டியர் ஜான்', 1986, 1987: மனைவி விட்டுப்போன ஆசிரியர் ஒருவர், பிரிந்தவர்களும் தனித்துப்போனவர்களும் கூடும் ஒரு சங்கத்துக்குப் போகிறார். இரண்டுமே அவமானத்திலிருந்து தொடங்குகிற நகைச்சுவை. 'டியர் ஜான்' பிரிட்டனில் மொத்தம் 14 அத்தியாயங்கள்தான், எல்லாம் சல்லிவன் எழுதியவை. அமெரிக்காவில் என்பிசி தொலைக்காட்சி இதை மறுஆக்கம் செய்து 1988 முதல் 1992வரை 90 அத்தியாயங்கள் ஓட்டியது. அங்கே ஓர் அறை நிறைய எழுத்தாளர்கள் உட்கார்ந்து எழுதுவார்கள். இங்கே ஒரே மனிதர், மூன்று தொடர். பிரிட்டிஷ் முறையில் சீசனுக்கு ஆறேழு அத்தியாயம்தான் என்பதால்தான் இது முடிந்தது. அப்படியும் அந்த உழைப்பை நினைத்தால் மலைப்பாக இருக்கிறது.

முப்பது நிமிடம் போதாமல் போனபோது

1986இல் டேவிட் ஜேசன் தொடரிலிருந்து விலகும் எண்ணத்தில் இருந்தார். அந்த சீசனின் கடைசி அத்தியாயத்தில், ஆஸ்திரேலியாவில் தொழில் செய்ய வா என்று டெல்லுக்குப் பழைய நண்பன் அழைப்பு விடுக்கிறான். டெல் கிளம்பிவிடுவான், ராட்னியை மட்டும் வைத்துப் புதுத் தொடர் தொடங்கும் என்று ஒரு திட்டமே சல்லிவனிடம் இருந்தது. ஜேசன் மனம் மாறினார், டெல்லும் போகவில்லை.

தொடர்ந்ததற்கு ஒரு விலை இருந்தது. ஸ்கிரிப்டுகள் எப்போதும் நீண்டுபோயின, நல்ல காட்சிகள் வெட்டுப்பட்டன. அரை மணி நேரத்துக்குள் ஒரு ஜோக் கட்டலாம், ஒரு திருமணத்தைக் கட்ட முடியாது. சல்லிவன் நேரம் கேட்டார், பிபிசி கொடுத்தது. 1989 ஜனவரியில் தொடங்கிய ஆறாவது சீசனில் ஒவ்வோர் அத்தியாயமும் 50 நிமிடம். இது அவர் வாழ்க்கையின் மிக முக்கியமான தொழில்நுட்ப முடிவு என்பேன். சிட்காமை நாடகத்தின் நீளத்துக்கு இழுத்தால் சிரிப்பு நீர்த்துப்போகும் என்பது பொதுவான பயம். அந்தக் கூடுதல் இருபது நிமிடத்தில் அவர் மேலும் ஜோக்குகளை நிரப்பவில்லை. மௌனத்துக்கு இடம் கொடுத்தார்.

அந்த சீசனின் முதல் அத்தியாயத்தில் பணக்கார இளைஞர்கள் கூடும் மதுக்கூடத்தில் டெல் ஒய்யாரமாகச் சாய்கிறான். மது பரிமாறும் மேடையின் மடக்குப் பலகையைப் பணியாள் தூக்கிவிட்டுப் போனது அவனுக்குத் தெரியாது. கட்டை மாதிரி பக்கவாட்டில் விழுகிறான். ஒரு மதுக்கூடத்தில் ஒருவர் இப்படி விழப்போய்ச் சமாளித்ததை சல்லிவன் நேரில் பார்த்திருந்தார். இந்தக் காட்சி தெரியாத பிரிட்டிஷ்காரர் குறைவு. கடைசி அத்தியாயத்தில் ராட்னிக்குக் கல்யாணம். விருந்து முடிந்து எல்லோரும் போய்விட, டெல் மட்டும் வெறுமையான கூடத்தில் தனியாக நிற்கிறான். பின்னணியில் ஒரு பாட்டு ஓடுகிறது, வசனம் கிடையாது. வளர்த்த பிள்ளை வீட்டை விட்டுப் போகிற நாளில் ஒரு தகப்பன் நிற்கிற நிலை அது. முப்பது நிமிட வடிவத்தில் முதலில் வெட்டுப்பட்டிருக்கக்கூடிய காட்சியும் இதுதான்.

குறைகளும் உண்டு. முதல் ஆறேழு வருஷத்தில் பெண்கள் வந்து போகிறவர்களாக மட்டுமே இருந்தார்கள். 1988 கிறிஸ்துமஸ் அத்தியாயத்தில் வந்த ராக்கெலும், அடுத்த மாதம் வந்த கசாண்ட்ராவும் சொந்த எண்ணமுள்ள மனுஷிகளாக நின்ற பிறகுதான் தொடருக்கு முழு உயரம் கிடைத்தது. 'ஜஸ்ட் குட் ஃப்ரெண்ட்ஸ்' தொடரில் பென்னி என்ற நாயகியை அவ்வளவு கூர்மையாக எழுதியவர் இங்கே ஏன் இவ்வளவு காலம் எடுத்துக்கொண்டார் என்று எனக்கு வருத்தம் உண்டு. இன்னொன்று, தொடக்க அத்தியாயங்களில் ஆசியக் கடைக்காரர்களைக் குறிக்கும் இழிசொல் சாதாரணமாக வருகிறது. அன்றைய தெற்கு லண்டன் பேச்சு அப்படித்தான் இருந்தது என்பது உண்மை. அந்தச் சொல்லை வசையாகக் கேட்டு வாழ்ந்த குடும்பங்களுக்கு அந்த விளக்கம் போதாது என்பதும் உண்மை. அப்பாவின் கோபத்தைக் கேட்கத் தெரிந்த எழுத்தாளருக்கு இந்த மனிதர்களின் வலி அப்போது காதில் விழவில்லை.

1996, மூன்று இரவுகள்

1991க்குப் பிறகு வழக்கமான சீசன் இல்லை, கிறிஸ்துமஸ் சிறப்பு அத்தியாயங்கள்தான். 1993க்குப் பிறகு அவையும் இல்லை. 1996 கிறிஸ்துமஸ் வாரத்தில் மூன்று அத்தியாயங்களோடு தொடரை முடிப்பது என்று முடிவானது.

முதலாவதில் பேட்மேனும் ராபினுமாக வேஷம் போட்ட அண்ணன் தம்பி, பனிமூட்டத் தெருவில் ஓடுகிறார்கள். டிரிக்கர் என்ற நண்பன், ஒரே துடைப்பத்தை இருபது வருஷமாக வைத்திருப்பதாகவும் அதற்கு 17 முறை தலையும் 14 முறை பிடியும் மாற்றியதாகவும் பெருமையோடு சொல்வது இதே அத்தியாயத்தில்தான். இரண்டாவதில், டிசம்பர் 27 அன்று, ராட்னி கசாண்ட்ரா தம்பதியின் கரு கலைந்துவிடுகிறது. கிறிஸ்துமஸ் வாரம், நாடே சாப்பிட்டுவிட்டுச் சிரிக்க உட்கார்ந்திருக்கிறது, எழுத்தாளர் மருத்துவமனைக்கு அழைத்துப்போகிறார்! துணிச்சல் என்று நான் இதைத்தான் சொல்வேன்.

மூன்றாவது டிசம்பர் 29. ராட்னி அந்த இழப்பைப் பற்றி யாரிடமும் பேசாமல் உள்ளுக்குள் புழுங்குகிறான். அண்ணனும் தம்பியும் போகும் லிஃப்ட் பாதியில் நின்றுவிடுகிறது. வேறு வழி இல்லாமல் பேசுகிறார்கள், ராட்னி மனதைத் திறக்கிறான். பேசி முடித்ததும் டெல் லிஃப்டைக் கிளப்புகிறான், நிறுத்தியதே அவன்தான். வருஷக்கணக்காக நாம் பார்த்த டெல்லின் தகிடுதத்தம் அத்தனையும் இங்கே ஒரு தம்பியை அழவிடுவதற்குப் பயன்படுகிறது.

அப்புறம்தான் கடிகாரம். பழைய சாமான்களோடு கராஜில் பல வருஷமாகக் கிடந்த ஒரு பாக்கெட் கடிகாரம், 18ஆம் நூற்றாண்டில் கடலில் தீர்க்கரேகையைக் கணிக்க வழிசெய்த ஜான் ஹாரிசன் செய்தது என்று கதையில் தெரியவருகிறது. ஏலத்தில் 62 லட்சம் பவுண்டுக்குப் போகிறது. அடுத்த வருஷம் இந்நேரம் என்ற வாக்கு பலித்துவிட்டது. அன்றிரவு அதைப் பார்த்தவர்கள் 2 கோடியே 43 லட்சம் பேர். நாட்டில் ஐந்தில் இருவர். பிரிட்டிஷ் சிட்காம் வரலாற்றில் அதற்கு முன்னும் பின்னும் இந்த எண்ணிக்கை வந்ததில்லை.

பணக்காரனான டெல் என்ன செய்கிறான்? பெரிய வீட்டை விட்டுவிட்டு யாருக்கும் தெரியாமல் பழைய குடியிருப்பின் காலி வீட்டுக்கு வருகிறான். வந்து பார்த்தால் ராட்னியும் ஆல்பர்ட்டும்கூட அங்கேதான் இருக்கிறார்கள்.

அங்கேயே விட்டிருக்கலாம். 2001 முதல் 2003வரை மேலும் மூன்று கிறிஸ்துமஸ் அத்தியாயங்கள் வந்தன. பணத்தை இழந்து குடும்பம் மறுபடி பெக்கமுக்குத் திரும்பியது. கூட்டம் கூடியது, வரவேற்பு முன்போல இல்லை. மெரிஃபீல்டு 1999இல் காலமாகியிருந்தார். எனக்கும் அவை நிறைவு தரவில்லை. எல்லாம் சேர்த்து 64 அத்தியாயங்கள், அத்தனையும் ஒருவரே எழுதியவை. 2004இல் பிபிசி நடத்திய வாக்கெடுப்பில் பிரிட்டனின் சிறந்த சிட்காமாக மக்கள் இதைத் தேர்ந்தெடுத்தார்கள். 2005இல் சல்லிவனுக்கு ஓபிஇ என்ற பிரிட்டிஷ் அரசு விருது கிடைத்தது.

மற்றவற்றைச் சுருக்கமாகச் சொல்லலாம். 'சிட்டிங் ப்ரிட்டி', வாடகைக் கார் நிறுவனத்தை வைத்து எழுதிய 'ரோஜர் ரோஜர்' இரண்டும் பெரிதாகப் போகவில்லை. 2001இல் டிக்கன்ஸின் மிக்காபரையே எடுத்து டேவிட் ஜேசனுக்காகத் தனித் தொடர் எழுதினார். 2005 முதல் 2009வரை வந்த 'தி கிரீன் கிரீன் கிராஸ்', பெக்கம் பாத்திரம் ஒன்றைக் கிராமத்துக்குக் கொண்டுபோன தொடர்.

அம்மா

டெல், ராட்னியின் அம்மா ஜோன் தொடர் முழுக்க ஒரு கல்லறைச் சின்னமாக மட்டுமே இருந்தாள். டெல் அவள் பெயரைச் சொல்லித் தம்பியை மிரட்டுவான், வியாபாரத்தில் சத்தியம் செய்வான். 1982இல் ஓர் அத்தியாயத்தில், எங்கிருந்தோ வந்த பெயின்டை அந்தச் சின்னத்துக்குப் பூசி அழகு பார்க்கிறார்கள். அது ரயில் சுரங்கத்துக்கான ஒளிரும் பெயின்ட் என்று தெரிந்தபோது, இருட்டில் கல்லறை மினுங்கிக்கொண்டிருக்கிறது.

சல்லிவன் கடைசியாக எழுதியது அவளுடைய கதையை. 'ராக் அண்ட் சிப்ஸ்' 1960இன் பெக்கமில் தொடங்குகிறது. டெல் பள்ளிப் பையன். ஜோன் வேலைக்குப் போகிறாள், சோம்பேறிக் கணவனோடு மல்லுக்கட்டுகிறாள், ஒரு திருடனைக் காதலிக்கிறாள், ராட்னியைப் பெறுகிறாள். கெல்லி பிரைட் ஜோனாக நடித்தார். அந்தத் திருடனாக நடித்தது, அந்நாள்வரை ராட்னியாக நாம் அறிந்த லிண்ட்ஹர்ஸ்ட். இதில் சிரிப்பு முன்னைவிடக் குறைவு. பார்வையாளர் ஒலியும் கிடையாது. முதல் பகுதி 2010 ஜனவரியில் வந்தது.

2011 ஏப்ரலில், தீவிர சிகிச்சைப் பிரிவில் ஆறு வாரம் இருந்த பிறகு, நிமோனியாவால் சல்லிவன் காலமானார். வயது 64. சில நாட்களில், ஏப்ரல் 28 அன்று, 'ராக் அண்ட் சிப்ஸ்' மூன்றாம் பகுதி ஒளிபரப்பானது. முப்பது வருஷம் கல்லாக நின்ற அம்மா அதில் பெக்கம் தெருவில் நடந்துபோகிறாள்.